கடன் வேண்டாம், சில்லறை மாற்றுவோம்: தசமக் கழித்தல் பற்றிக் கணித ஆசிரியர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள ஆசிரியர்களுக்கு,

வணக்கம். ஐந்தாம் வகுப்பு முதல் ஏழாம் வகுப்பு வரை கணிதம் எடுக்கும் உங்களுக்கும், அந்த வகுப்புகளுக்கு வினாத்தாள் அமைப்போருக்கும் சேர்த்தே இதை எழுதுகிறோம்.

உங்கள் வகுப்பில் 5 − 2.37 என்ற கணக்கைக் கரும்பலகையில் ஒரே வரியில் எழுதிப் பாருங்கள். அடுக்கித் தர வேண்டாம். 2.63 என்ற சரியான விடையோடு 3.37-உம் 2.32-உம் வந்து சேரும். 3.37 எழுதிய பிள்ளை ஐந்திலிருந்து இரண்டைக் கழித்துவிட்டு, மேலே இணை இல்லாமல் நின்ற 37-ஐ அப்படியே கீழே இறக்கியிருக்கிறது. 2.32 எழுதிய பிள்ளை முழு எண்களை அடுக்குவதுபோல வலது ஓரத்தைச் சேர்த்து, 7-க்கு நேரே 5-ஐ வைத்து இரண்டில் பெரியதிலிருந்து சிறியதைக் கழித்திருக்கிறது. இரண்டையும் கவனக்குறைவு என்று சொல்லிச் சிவப்பு மையால் சுழித்துவிட முடியாது. இரண்டு பிள்ளைகளும் தங்களுக்குத் தெரிந்த ஒரு விதியை ஒழுங்காகப் பின்பற்றியிருக்கிறார்கள். அந்த விதி இங்கே செல்லாது என்பதற்கான காரணத்தைத்தான் நாம் சொல்லித் தரவில்லை.

“புள்ளிக்கு நேரே புள்ளி வை, காலி இடத்தில் பூச்சியம் போடு, கடன் வாங்கிக் கழி.” இந்த மூன்று கட்டளைகளோடு பாடம் இரண்டு பாடவேளையில் முடிந்துவிடுகிறது. கட்டளைகளில் பிழை இல்லை. ஆனால் மூன்றுக்கும் அடியில் இருக்கும் செய்தி ஒன்றே: ஒரே பெயருள்ளவற்றைத்தான் ஒன்றிலிருந்து ஒன்று கழிக்க முடியும், பெயர் வேறானால் முதலில் மாற்றிக்கொள்ள வேண்டும். ஐந்து வாழைச்சீப்பிலிருந்து இரண்டு வாழைப்பழத்தை எடு என்றால், சீப்பிலிருந்து பழத்தைப் பிய்த்தாக வேண்டும். இடமதிப்பு என்பது அந்தப் பெயர்தான். அதைப் பிடித்துக்கொண்ட பிள்ளைக்கு மூன்று கட்டளையும் தேவையில்லை, தானே வந்துவிடும்.

முதலில் பெயர்களைப் பார்ப்போம். பத்துகள், ஒன்றுகள், புள்ளி, பத்தில் ஒன்றுகள், நூறில் ஒன்றுகள் என்று அட்டவணை போடுகிறோம். புள்ளிக்கு இடப்புறம் ஒன்று, பத்து, நூறு என்று போனால் வலப்புறமும் ‘ஒன்றில் ஒன்று’, பத்தில் ஒன்று, நூறில் ஒன்று என்று போகவேண்டும் என்று பல பிள்ளைகள் எதிர்பார்க்கிறார்கள். புள்ளியை நடுவாக எண்ணுவதால் வரும் குழப்பம் இது. நடுவில் இருப்பது ஒன்றுகள் இடம். அதற்கு இடப்பக்கம் பத்து என்றால் வலப்பக்கம் பத்தில் ஒன்று. இடப்பக்கம் இரண்டு அடி தள்ளி நூறு என்றால் வலப்பக்கம் இரண்டு அடி தள்ளி நூறில் ஒன்று. புள்ளியின் வேலை, ஒன்றுகள் இடம் இங்கே முடிகிறது என்று காட்டுவது மட்டும். அதனால் கட்டம் போட்ட நோட்டில் எழுதும்போது புள்ளிக்குத் தனிக் கட்டம் கொடுக்காதீர்கள். இரண்டு கட்டங்களுக்கு நடுவே உள்ள கோட்டின்மேல் வைக்கச் சொல்லுங்கள். தனிக் கட்டம் கிடைத்தால் புள்ளியும் ஓர் இடம் என்று பிள்ளை நம்பிவிடும்.

‘ஆறு பத்தில் ஒன்றுகள்’ என்ற பாடநூல் நடை காதுக்கு இடறுகிறது. பேச்சுத் தமிழில் நாம் ‘பத்தில் ஆறு’ என்றுதானே சொல்கிறோம். பத்தில் ஆறு, நூறில் மூன்று, ஆயிரத்தில் எட்டு. தமிழ், பகுதியின் பெயரை (‘பத்தில்’, ‘நூறில்’) முன்னால் சொல்லிவிடுகிறது. எத்தனை என்பதைப் பின்னால் சொல்கிறது. கழித்தலுக்கு இது பெரிய வசதி. ‘பத்தில் ஆறு, அதிலிருந்து பத்தில் இரண்டு’ என்று சொல்லும்போதே பெயர் ஒத்துப்போவது காதில் விழுகிறது. ‘பத்தில் ஆறு, அதிலிருந்து நூறில் இரண்டு’ என்று சொன்னால் இடிப்பதும் காதில் விழுகிறது. இந்த இடிப்பை ஒரு வாரம் வாய்மொழியாகப் பழக்கிவிட்டு எழுத்துக்குப் போங்கள்.

அதே மூச்சில் இன்னொன்று. 3.12-ஐ ‘மூன்று புள்ளி பன்னிரண்டு’ என்று வாசிக்க விடாதீர்கள். ‘மூன்று புள்ளி ஒன்று இரண்டு.’ பன்னிரண்டு என்று வாசிக்கும் பிள்ளைக்கு 7.3 − 4.12 கொடுத்தால், புள்ளிக்குப் பின்னால் 3-உம் 12-உம் இருப்பதாகக் கண்டு, 12-லிருந்து 3 போக 9, விடை 3.9 என்று எழுதும். சரியான விடை 3.18. 3.12 என்பது 3.4-ஐவிடப் பெரியது என்று சொல்வதும் இதே பிள்ளைதான். பாடப் பகுதிகளுக்கு 2.9-க்கு அடுத்து 2.10 என்று எண் இடும் வழக்கமும் இந்த நம்பிக்கைக்கு உரம் போடுகிறது. 2.10 என்பது அங்கே ‘இரண்டாம் இயலின் பத்தாம் பகுதி’ என்ற முகவரி, தசம எண் இல்லை என்று ஒருமுறையாவது வாய்விட்டுச் சொல்லிவிடுங்கள்.

இனி ‘கடன்’ என்ற சொல்லுக்கு வருகிறோம். இந்த மடலை எழுதத் தூண்டியதே அதுதான்.

‘பக்கத்து வீட்டில் ஒன்று கடன் வாங்கு’ என்று தலைமுறை தலைமுறையாகச் சொல்லி வருகிறோம். கடன் என்றால் திருப்பித் தர வேண்டும். இங்கே யாரும் திருப்பித் தருவதில்லை. ஒன்று வாங்கினால் ஒன்றுதான் கையில் இருக்க வேண்டும். இங்கே ஒன்று வாங்கினால் பத்தாகிவிடுகிறது. பக்கத்து வீட்டில் பூச்சியம் இருந்தால் என்ன செய்வது என்பதற்கும் இந்தச் சொல்லில் பதில் இல்லை. இதைவிடப் பொருத்தமான சொல் கடைத்தெருவிலேயே இருக்கிறது: சில்லறை மாற்றுதல். பத்து ரூபாய்த் தாளை மாற்றினால் பத்து ஒரு ரூபாய். கையிலிருக்கும் தொகை கூடவும் இல்லை, குறையவும் இல்லை. வடிவம் மட்டும் மாறியது. 1-ஐ மாற்றினால் பத்தில் 10. பத்தில் 1-ஐ மாற்றினால் நூறில் 10.

இந்தச் சொல்லை எடுத்துக்கொண்டால் அடுத்த கேள்வி தானே வரும்: எத்தனைக்கு மாற்றுவது? தசமத்தில் எந்த இடத்திலும் பத்துக்கு. எப்போதும் எங்கும் அப்படி இருந்ததில்லை. 1957 ஏப்ரல் 1-க்கு முன் நம் ரூபாய்க்கு 16 அணா, அணாவுக்கு 12 தம்படி. கழிக்கும்போது ரூபாயை மாற்றினால் 16, அணாவை மாற்றினால் 12 என்று இடத்துக்கு இடம் வேறு எண்ணை நினைவில் வைத்தாக வேண்டும். பழந்தமிழ்ப் பின்னக் கணக்கிலும் அப்படித்தான்: ஒன்றுக்கு 20 மா, ஒரு மாவுக்கு 4 காணி, ஒரு காணிக்கு 4 முந்திரி. எல்லா இடத்திலும் ஒரே பத்து என்பதுதான் தசமத்தின் வசதி. அதனால்தான் முழு எண்ணுக்குப் படித்த அதே கழித்தல் புள்ளியைத் தாண்டியும் ஓடுகிறது.

பத்துக்கு மாறாத இடங்கள் இன்றும் உண்டு. அவை புள்ளி போட்டே எழுதப்படுவதால் வகுப்பில் அவற்றை நேருக்கு நேர் சந்திப்பது நல்லது. பேருந்து 1.45 மணிக்குக் கிளம்பி 2.30 மணிக்குச் சேர்ந்தது, எவ்வளவு நேரம்? 2.30 − 1.45 = 0.85 என்பது தசமமாகச் சரி, பயண நேரமாகத் தவறு. மணியை மாற்றினால் 60 நிமிடம், ஆகவே 45 நிமிடம். கிரிக்கெட்டில் 18.4 ஓவர் முடிந்திருந்தால் இருபது ஓவர் ஆட்டத்தில் மிச்சம் 1.6 ஓவர் இல்லை. ஓவரை மாற்றினால் 6 பந்து, ஆகவே மிச்சம் 8 பந்து, அதாவது 1 ஓவரும் 2 பந்தும். இந்த இரண்டு கணக்கையும் தசமக் கழித்தலுக்குப் பக்கத்திலேயே வைத்துச் செய்தால், ‘எத்தனைக்கு மாற்றுகிறோம்’ என்ற கேள்வி பிள்ளையின் மனத்தில் ஊன்றிவிடும்.

சில்லறை என்ற சொல்லைப் பரிந்துரைத்தாலும், காசை மட்டும் வைத்துத் தசமத்தை நடத்துவதில் எங்களுக்குத் தயக்கம் உண்டு. 25 காசும் அதற்குக் கீழ்ப்பட்ட நாணயங்களும் 2011 ஜூன் இறுதியோடு செல்லாமல் போயின. இன்றைய பிள்ளைகள் 50 காசைக்கூடக் கையில் பார்ப்பது அரிது. பார்த்திராத காசைக் காட்டிப் பார்த்திராத தசமத்தை விளக்குவதில் பயன் குறைவு. தவிர, ரூபாயும் காசும் இரண்டு தனித்தனிப் பொருள்களாகவே பிள்ளை மனத்தில் இருக்கும். புள்ளிக்கு இருபுறமும் தனித்தனியாகக் கழிக்கும் பழக்கத்தை அது வளர்க்கிறது. ரூபாய் 3.5 என்பதை மூன்று ரூபாய் ஐந்து காசு என்று வாசிப்பதும் அங்கிருந்து வருவதே.

வரைபடத் தாள் போதும். 10 செ.மீ. × 10 செ.மீ. சதுரம் ஒன்றை 1 என்று வையுங்கள். 1 செ.மீ. அகலமும் 10 செ.மீ. நீளமும் உள்ள பட்டை பத்தில் ஒன்று. 1 செ.மீ. சதுரம் நூறில் ஒன்று. அந்தச் சிறு சதுரத்துக்குள் ஒரு மில்லிமீட்டர் அகலத்தில் ஒரு வரிசை, ஆயிரத்தில் ஒன்று. இதை வெட்டவேண்டாம், நிறம் தீட்டிக் காட்டினால் போதும். இருவர் சேர்ந்து செய்ய 5 சதுரமும் 18 பட்டையும் 18 சிறு சதுரமும் வேண்டும். பதினெட்டு என்று சொல்வதற்குக் காரணம் இருக்கிறது: கழிக்கவேண்டிய இலக்கம் 9-ஐத் தாண்டாது, எனவே மேலே 8 அல்லது அதற்குக் குறைவாக இருந்தால்தான் மாற்றத் தேவை வரும்; 8-உம் பத்தும் சேர்ந்தால் 18. ஓர் இடத்தில் 19 வந்து நிற்கிறது என்றால் தேவையில்லாத மாற்றல் நடந்திருக்கிறது. தொலைந்துபோவதற்கு இரண்டு சேர்த்து இருபதாக வைத்துக்கொள்ளுங்கள்.

4.6 − 1.25-ஐ இந்தத் தாளில் செய்யச் சொல்லுங்கள். கையில் 4 சதுரம், 6 பட்டை. எடுக்கவேண்டியது 1 சதுரம், 2 பட்டை, 5 சிறு சதுரம். சிறு சதுரம் கையில் ஒன்றுகூட இல்லை. ஒரு பட்டையைக் கொடுத்துப் பத்துச் சிறு சதுரம் வாங்கினால் கையில் 4, 5, 10. எடுத்தபின் மிச்சம் 3, 3, 5; விடை 3.35. கட்டளையை மட்டும் படித்த பிள்ளை எழுதும் 3.45 இங்கே வரவே முடியாது, ஏனென்றால் இல்லாத ஐந்தை எடுக்க முயலும் கை அங்கேயே நின்றுவிடும்.

பூச்சியம் போடுவது பற்றியும் இதே தாளில் பேசிவிடலாம். 4.6-ஐ 4.60 என்று எழுதலாம் என்றதும், ‘பூச்சியம் சேர்த்தால் பத்து மடங்கு ஆகுமே’ என்று கேட்கும் பிள்ளையைப் பாராட்டுங்கள். முழு எண்ணில் பூச்சியம் சேர்த்தால் மற்ற இலக்கங்கள் இடம் நகர்கின்றன. அதனால் மதிப்பு மாறுகிறது. இங்கே 4-உம் 6-உம் இருந்த இடத்திலேயே இருக்கின்றன. ஆறு பட்டை, அறுபது சிறு சதுரம்: தாளின் பரப்பு ஒன்றுதான். ‘இலக்கங்களின் எண்ணிக்கையைச் சமமாக்கு’ என்று மட்டும் சொன்னால் சிலர் 4.06 என்று எழுதிவிடுவார்கள். ‘நூறில் எத்தனை? ஒன்றுமில்லை. ஆகவே பூச்சியம்’ என்று கேட்டுச் சொல்லிப் போட்ட பூச்சியம் இடம் மாறாது.

மாற்றவேண்டிய இடத்தில் பூச்சியம் நிற்கும்போதுதான் எல்லாரும் தடுமாறுகிறார்கள். நீரஜ் சோப்ரா 2021-இல் டோக்கியோ ஒலிம்பிக்கில் தங்கம் வென்ற ஈட்டி எறி 87.58 மீட்டர், 2025 மே மாதம் தோஹாவில் 90.23 மீட்டர். எவ்வளவு கூடியது? மேலே 9 பத்து, 0 ஒன்று, பத்தில் 2, நூறில் 3. நூறில் 3-லிருந்து 8 போகாது. பத்தில் ஒன்றை மாற்றினால் பத்தில் 1 மிச்சம், நூறில் 13. எட்டு போக நூறில் 5. அடுத்து பத்தில் 1-லிருந்து 5 போகாது. ஒன்றுகள் இடத்தில் மாற்றுவதற்கு ஒன்றுமில்லை. எனவே ஒரு பத்தை மாற்று: 8 பத்து, 10 ஒன்று. அந்தப் பத்து ஒன்றில் ஒன்றை மாற்று: 9 ஒன்று, பத்தில் 11. ஐந்து போக பத்தில் 6. ஒன்பதில் ஏழு போக 2. எட்டில் எட்டு போக ஒன்றுமில்லை. 2.65 மீட்டர். இங்கே மூன்று மாற்றல் நடந்தது என்பதைப் பிள்ளை தனித்தனியாக எழுத வேண்டும். அடித்து அடித்து ஒரே இலக்கத்தின் தலைமேல் எழுதினால் எது எப்போது மாறியது என்று அதற்கே தெரியாது. மேல் எண்ணுக்கும் மேலே ஒரு வெற்று வரி விடச் சொல்லுங்கள்; மாற்றிய பிறகு உள்ள எண்ணிக்கை அந்த வரியில் வரட்டும்.

3.00 − 1.48-க்கு 1.62 என்று வரும் விடை இந்தப் படியைத் தவறவிட்டதன் அடையாளம். பிள்ளை பத்தில் இடத்தையும் நூறில் இடத்தையும் பத்தாக்கிவிட்டது. ஆனால் நூறில் இடத்துக்குப் பத்து வந்தது பத்தில் இடத்திலிருந்துதான் என்பதால் அங்கே ஒன்பதுதான் மிஞ்சும் என்பதை மறந்துவிட்டது. சரியான விடை 1.52. மூன்றை 2, பத்தில் 9, நூறில் 10 என்று விரித்து எழுதப் பழகினால் இது நிற்கும். 10-ஐயும் அப்படியே 9, பத்தில் 9, நூறில் 9, ஆயிரத்தில் 10 என்று விரிக்கலாம். ‘கடைசி இலக்கத்தைப் பத்திலிருந்து கழி, மற்றதையெல்லாம் ஒன்பதிலிருந்து கழி’ என்ற குறுக்குவழி எங்கிருந்து வருகிறது என்பது அப்போது தெரியும்: 10 − 4.683 = 5.317.

இதற்கு மாற்றலே தேவைப்படாத வழியும் இருக்கிறது. இரண்டு எண்ணிலிருந்தும் ஒரே அளவைக் குறைத்தால் வித்தியாசம் மாறாது. 5 − 2.37-க்குப் பதில் 4.99 − 2.36 என்று செய்தால் மாற்றல் ஏதுமின்றி 2.63. கடைக்காரர் மீதி தரும் முறையும் நல்லது: 2.37-லிருந்து 2.40-க்கு நூறில் 3, அங்கிருந்து 3-க்கு பத்தில் 6, அங்கிருந்து 5-க்கு 2, மொத்தம் 2.63. ஆனால் இந்த இரண்டையும் தாள் வேலைக்குப் பிறகு கொடுங்கள். முன்னால் கொடுத்தால் இன்னும் இரண்டு கட்டளைகளாக ஆகிவிடும்.

விடை எழுதுமுன் ஒரு மதிப்பீடு கேளுங்கள். 5-லிருந்து 2-ஐவிடக் கொஞ்சம் கூடுதலாக எடுக்கிறோம்; விடை 3-ஐவிடக் குறைவாகத்தானே இருக்கவேண்டும்? இந்த ஒரு கேள்வி 3.37-ஐ அங்கேயே விழுத்திவிடும். 2.32-ஐ இது பிடிக்காது. அதற்கு விடையோடு கழித்த எண்ணைக் கூட்டிப் பார்க்கவேண்டும். 2.32 + 2.37 = 4.69, ஐந்து வரவில்லை.

பயிற்சிக் கணக்குகளுக்கு எலக்ட்ரானிக் தராசைவிட நல்ல இடம் இல்லை. கிலோவுக்கு மூன்று தசம இடம் காட்டும். கூடையோடு 2.005 கிலோ, வெறும் கூடை 0.48 கிலோ என்றால் காய் 1.525 கிலோ. நடுவில் இரண்டு பூச்சியம், சமமில்லாத நீளம், விடையின் பொருள் கண்ணுக்கு முன்னால். விளையாட்டு நேரங்களும் உதவும். 1984 லாஸ் ஏஞ்சலிஸ் ஒலிம்பிக்கின் 400 மீட்டர் தடை ஓட்டத்தில் பி.டி. உஷா ஓடி முடித்தது 55.42 வினாடியில், வெண்கலம் பெற்றவர் 55.41. நூறில் ஒன்று எவ்வளவு சிறியது, எவ்வளவு பெரியது என்று சொல்ல இதற்குமேல் விளக்கம் வேண்டாம்.

வினாத்தாள் அமைப்போரிடம் ஒரு வேண்டுகோள். 8.75 − 3.42 போன்ற வினா எதையும் சோதிப்பதில்லை. இடமதிப்பு அறிந்த பிள்ளைக்கும் விடை 5.33, 75-லிருந்து 42-ஐத் தனியாகக் கழிக்கும் பிள்ளைக்கும் 5.33, புள்ளியையே மறைத்துவிட்டு 875-லிருந்து 342-ஐக் கழித்து, பிறகு புள்ளியைச் செருகும் பிள்ளைக்கும் 5.33. மூவருக்கும் முழு மதிப்பெண். மூவரில் இருவர் அடுத்த வகுப்புக்குப் பிழையைச் சுமந்து செல்வார்கள். அதற்குப் பதில் 8.52 − 3.4 வையுங்கள். மாற்றல்கூடத் தேவையில்லாத எளிய கணக்கு. 5.12 எழுதியவருக்குப் புரிந்திருக்கிறது. 5.48 எழுதியவர் 52-லிருந்து 4-ஐக் கழித்திருக்கிறார். 8.18 எழுதியவர் வலது ஓரம் சேர்த்து அடுக்கியிருக்கிறார். 6.3 − 2.7-ஐயும் சேருங்கள், 4.4 வந்தால் அந்தப் பிள்ளைக்குச் சிக்கல் தசமத்தில் இல்லை, இரண்டாம் வகுப்புக் கழித்தலில் இருக்கிறது. பெரியதிலிருந்து சிறியதைக் கழிக்கும் பழக்கம் இன்னும் விடவில்லை. அவருக்கு 63 − 27-லிருந்து தொடங்குங்கள், புள்ளி காத்திருக்கட்டும்.

கணக்கை ஒரே வரியில் கொடுங்கள், அடுக்கிக் கொடுக்காதீர்கள். அடுக்குவதே பாதிக் கணக்கு. திருத்தும்போது தவறான விடையின் பக்கத்தில் அது எந்த வகைத் தவறு என்று இரண்டு சொல்லில் குறித்து வையுங்கள்: ‘தொங்கும் இலக்கம்’, ‘வலது ஓரம்’, ‘இருபுறம் தனி’, ‘பெரியதில் சிறியது’, ‘ஒன்பதை மறந்தது’. நாற்பது பேர் தாளைத் திருத்தி முடிக்கையில், அடுத்த நாள் யாரை எந்தக் குழுவில் உட்காரவைத்துத் தாளும் பட்டையும் கொடுப்பது என்பது உங்கள் கையில் இருக்கும்.

அன்புடன்,
கணிதம் கற்பிப்போர் சிலர்